பெனோனி: தாய் வைத்த பெயரும் தகப்பன் வைத்த பெயரும்

விவிலியத்தின் முதல் நூலான ஆதியாகமத்தில், 35ஆம் அதிகாரம் 18ஆம் வசனத்தில் ஓர் ஆண் குழந்தைக்குப் பெயர் வைக்கிறார்கள். அந்தப் பெயர் அந்த ஒரே இடத்தோடு சரி. அதற்கு முன்னாலும் வருவதில்லை, பின்னாலும் வருவதில்லை. பழைய ஏற்பாடு முழுக்கத் தேடினாலும் அந்தப் பெயருள்ள இன்னொரு ஆளைப் பார்க்க முடியாது. பெயரைச் சொன்ன தாய் அப்போதே இறந்துபோனாள். அவள் சொன்ன பெயரையும் குழந்தையின் தகப்பன் அங்கேயே மாற்றிவிட்டான். பெனோனி என்பதுதான் அந்தப் பெயர். எபிரேய வழக்கில் பிரித்துச் சொன்னால் பென்-ஓனி.

ஆபிரகாம், யோசேப்பு, தாவீது, சாலமோன் என்ற எபிரேயப் பெயர்கள் நமக்குப் புதியவை அல்ல. இப்ராஹிம், யூசுப், தாவூத், சுலைமான் என்று முஸ்லிம் அன்பர்களிடம் கேட்பதும் அதே பெயர்கள்தாம். ஒரே சரக்குதான், மூட்டை மேல் அடித்த முத்திரைதான் வேறு. ஆனால் பெனோனி அப்படிச் சந்தையில் ஓடிய சரக்கு அல்ல. தேடித்தான் எடுக்கவேண்டும்.

சமணனான உனக்கு எபிரேயப் பெயரோடு என்ன வியாபாரம் என்று சங்கத்து நண்பர்கள் கேட்பது என் காதில் விழுகிறது. என் கடை மஸ்ஜித் பந்தரில் இருக்கிறது. மிளகு, மஞ்சள், கொத்தமல்லி கமிஷன் வியாபாரம். அந்த ரயில் நிலையத்துக்கு மஸ்ஜித் என்று பெயர் வந்ததற்குக் காரணம் முஸ்லிம்களின் பள்ளிவாசல் என்றுதான் மும்பையில் பாதிப்பேர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அது பெனே இஸ்ரேல் என்னும் கொங்கணத்து யூதர்களின் தொழுகைக்கூடத்தால் வந்த பெயர். 1796இல் சாமுவேல் எசேக்கியேல் திவேகர் என்பவர் கட்டியது. ஆங்கிலேயப் படையில் இருந்து, மைசூர்ப் போரில் திப்புவிடம் சிறைப்பட்டு மீண்டவர் அவர். கொங்கணத்துக் கிராமங்களில் எண்ணெய் ஆட்டிப் பிழைத்து, சனிக்கிழமை செக்கை நிறுத்திவிடுவதால் 'சனிவார் தேலி' என்று பெயர் வாங்கிய மக்கள் இவர்கள். ஆபிரகாமை ஆபாஜி என்றும் சாமுவேலை சாமாஜி என்றும் மராட்டிய உடை உடுத்தி வைத்திருந்தார்கள். இப்படிப்பட்ட தெருவில் முப்பது வருஷத்துக்கு மேல் உட்கார்ந்திருக்கிறவனுக்குப் பெயர்களின் மேல் ஆசை வராமல் இருக்குமா? ஃபவுண்டன் நடைபாதையில் பழைய புத்தகக்காரரிடம் வாங்கிய எபிரேய அரிச்சுவடியில் இருபத்திரண்டு எழுத்தையும் கற்றேன். அதற்குமேல் எல்லாம் அகராதியும் உரைநூலும் கொடுத்த அறிவு.

இனி கதைக்கு வருவோம். யாக்கோபுக்கு இரண்டு மனைவியர், உடன்பிறந்த அக்கா தங்கை. மூத்தவள் லேயாளுக்கு வரிசையாகப் பிள்ளைகள். ஆசைப்பட்டு, பதினாலு வருஷம் மாமனார் வீட்டு ஆட்டை மேய்த்துக் கட்டிக்கொண்ட இளையவள் ராகேலுக்கு நெடுநாள் பிள்ளை இல்லை. ஒருநாள் பொறுக்கமாட்டாமல், எனக்குப் பிள்ளை கொடும், இல்லாவிட்டால் செத்துப்போவேன் என்று புருஷனிடமே சொல்லிவிட்டாள். கடைசியில் ஒரு மகன் பிறந்தான். யோசேப் என்று பெயர் வைத்தாள். அந்தச் சொல்லுக்கே 'இன்னும் கூட்டிக் கொடுப்பாராக' என்று பொருள். அதாவது, கையில் இருக்கிற பிள்ளையின் பெயரிலேயே இன்னொரு பிள்ளைக்கு மனு போட்டுவைத்தாள். அந்த மனுவின் பலனாக வந்தவன்தான் நம்முடைய பெனோனி.

குடும்பம் பெத்தேலைவிட்டுத் தெற்கே எப்பிராத்தாவை நோக்கிப் போகிறது. வழியில் பிரசவ வேதனை. மருத்துவச்சி, பயப்படாதே அம்மா, இதுவும் ஆண் பிள்ளைதான் என்கிறாள். எந்த ஊர் மருத்துவச்சியும் சொல்லக்கூடிய ஆறுதல்தான். ஆனால் ராகேல் அதைக் கேட்டுச் சந்தோஷப்படுகிற நிலையில் இல்லை. உயிர் பிரிகிறபோது பென்-ஓனி என்றாள். தகப்பனோ பின்யாமின் என்றான். தமிழ் விவிலியத்தில் பென்யமீன் என்று இருக்கிறது. அவளை வழியிலேயே அடக்கம்செய்து, கல் ஒன்று நாட்டினான். நமக்கு நடுகல் எப்படியோ, எங்கள் சமணர்களுக்கு நிசீதிகைக் கல் எப்படியோ, அவர்களுக்கு 'மட்சேபா'. பெத்லகேமின் ஓரத்தில் அந்த இடம் என்று காட்டும் ஒரு கட்டடம் இருக்கிறது. 1841இல் மோசஸ் மாண்டிஃபியோர் என்ற லண்டன் யூதச் செல்வர் அதைப் பழுதுபார்த்தார்.

இந்தக் குடும்பத்தில் பிள்ளைகளுக்குப் பெயர் வைத்தது அநேகமாகத் தாய்மார்கள்தாம். பன்னிரண்டு ஆண் மக்களில், தாய் வைத்த பெயரை எடுத்துவிட்டுத் தகப்பன் வேறு பெயர் வைத்தது இந்தக் கடைக்குட்டிக்கு மட்டுமே. சாகிறவளின் கடைசி வார்த்தை அது. நம் ஊரில் அதைத் தட்டுவார்களா? சாகும்போது சொன்ன சொல் என்றால் சொத்தே கைமாறும். அப்படியிருக்க, மனைவிமேல் உயிரையே வைத்திருந்த யாக்கோபு ஏன் மாற்றினான்? இந்தக் கேள்விக்குப் பதில் அந்தப் பெயருக்குள்ளேயே இருக்கிறது என்பதே என் கருத்து.

பென் என்றால் மகன். அரபியில் இப்னு, அரமேயத்தில் பர். (நம்மாட்களில் சிலர் பென் என்பது பிள்ளை என்பதன் திரிபு என்று கிளம்பிவிடுவார்கள். வேண்டாம். சாலமோனின் கப்பலில் வந்த மயிலுக்கு எபிரேயர் சொன்ன துக்கி என்ற சொல் நம் தோகையாக இருக்கலாம் என்று கால்டுவெல் போன்றவர்கள் எடுத்துக்காட்டியது வேறு. அங்கே சரக்கு கைமாறியது, சொல்லும் கூடப் போனது. எல்லாச் சொல்லையும் அப்படி இழுத்தால் அறுந்துவிடும்.) கடைசியில் வரும் 'இ' என்பதற்கு 'என்னுடைய' என்று பொருள். நடுவில் நிற்கும் 'ஓன்' என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

பழைய எபிரேய எழுத்தில் மெய் மட்டுமே எழுதுவார்கள். உயிர்க்குறிகள் பிற்காலத்தில் போட்டவை. அலெஃப், வாவ், நூன் என்ற மூன்று எழுத்தைச் சேர்த்தால் இரண்டு சொல் ஆகும். ஒன்று 'ஆவென்'. துன்பம், துக்கம், தீவினை என்று பொருள். பெத்தேல், அதாவது கடவுளின் வீடு என்ற ஊரை, ஓசேயா தீர்க்கதரிசி கோபத்தில் பெத்-ஆவென் என்று மாற்றித் திட்டுவார். தீமையின் வீடு என்று பொருள். ராகேல் கடைசியாகக் கிளம்பிவந்த ஊர் அதே பெத்தேல்தான். இன்னொரு சொல் 'ஓன்'. வலிமை, வீரியம், சில இடங்களில் சம்பாதித்த செல்வம். 'என்னுடைய' என்ற விகுதி சேர்ந்துவிட்டால் இரண்டும் 'ஓனி' என்று ஒரே மாதிரி ஆகிவிடுகிறது. எழுத்திலும் வேறுபாடு இல்லை, ஒலியிலும் இல்லை.

இது அகராதி பார்த்து நான் கட்டின வாதம் அல்ல. அதே ஆதியாகமத்தின் 49ஆம் அதிகாரத்தில் யாக்கோபு மரணப் படுக்கையில் மூத்த மகன் ரூபனைப் பார்த்து, நீ என் வலிமையின் முதற்பலன் என்கிறான். அங்கே வலிமைக்கு அவன் எடுக்கிற சொல் 'ஓனி'தான். உபாகமம் 26ஆம் அதிகாரத்திலோ, தசமபாகம் கொடுக்கிறவன், என் துக்ககாலத்தில் இதிலிருந்து நான் உண்ணவில்லை என்று உறுதி சொல்லவேண்டும். அங்கேயும் 'ஓனி'. ஒரே சொல், ஓரிடத்தில் இழவு வீட்டுச் சோறு, இன்னோரிடத்தில் தலைப்பிள்ளையின் பெருமை.

ராகேல் சொன்னது முதல் பொருளில்தான் என்பதில் சந்தேகமில்லை. என் துக்கத்தின் மகன். பிரான்ஸ் தேசத்து உரையாசிரியர் ராஷி (1040-1105) 'என் வேதனையின் மகன்' என்று ஒரு வரியில் முடித்துவிட்டார். ஸ்பெயின் தேசத்து ஜெரோனாவில் வாழ்ந்த மோசே பென் நக்மான் (1194-1270) அங்கே நிற்கவில்லை. இவரை ராம்பான் என்று சுருக்கிச் சொல்வார்கள். அவருடைய விளக்கத்தை என் வார்த்தையில் சொல்கிறேன். தாய் துக்கம் என்று சொன்ன ஓனியைத் தகப்பன் வலிமை என்று எடுத்துக்கொண்டான். அவள் வைத்த பெயரை அவன் அழிக்கவில்லை, மொழிபெயர்த்தான். பின்யாமின் என்றால் வலக்கையின் மகன். வலக்கை என்றால் வலிமை. ஆகவே தாய் வைத்த பெயர்தான் நின்றது, பொருள் மட்டும் நல்லதாகத் திருப்பப்பட்டது.

இதை வேற்று மொழிக்காரர்களுக்குச் சொன்னால் இரண்டு வாக்கியம் தேவைப்படும். தமிழனுக்கு ஒரு சொல் போதும். வலம் என்றால் நமக்கு வலப்பக்கமும்தான், வலிமையும்தான், வெற்றியும்தான். வல் என்ற ஒரே வேரில் எல்லாம் அடக்கம். ராம்பான் பக்கம் நிரப்பி விளக்கியதை நம் மொழி வாயில் வைத்துக்கொண்டே பிறந்திருக்கிறது.

யாமின் என்ற சொல்லுக்கு இன்னொரு முகமும் உண்டு. எபிரேயர் கிழக்கு நோக்கி நின்று திசை சொன்னவர்கள். முன்பக்கம் 'கேதெம்', அது கிழக்கு. பின்பக்கம் மேற்கு. மத்தியதரைக் கடலுக்கே அவர்கள் நூலில் 'பின்கடல்' என்று ஒரு பெயர் இருக்கிறது. இடப்பக்கம் வடக்கு, வலப்பக்கம் தெற்கு. அரபு நாட்டின் தென்கோடியில் இருக்கும் யெமன் தேசத்தின் பெயரும் இந்த வேர்தான். வடமொழியும் இப்படியே. தக்ஷிண என்றால் வலமும்தான், தெற்கும்தான். தக்காணம் அதிலிருந்து வந்தது. நாம் மட்டும் உடம்பை வைத்துத் திசை சொல்லாமல் நிலத்தை வைத்துச் சொன்னோம். மேடான பக்கம் மேற்கு, தாழ்ந்து கடலில் இறங்கும் பக்கம் கிழக்கு.

ஆகவே பின்யாமின் 'தென்னவன்' என்றும் ஆகிறான். ராஷி இதைத்தான் முதலில் சொல்கிறார். மற்ற பிள்ளைகள் எல்லாரும் வடக்கே அராம் நாட்டில் பிறந்தவர்கள், இவன் ஒருவனே தெற்கே கானானில் பிறந்தவன் என்பது அவர் வாதம். சமாரியர்களின் வேதப்பிரதியில் கடைசி எழுத்து நூனுக்குப் பதில் மேம். பின்யாமிம், அதாவது 'நாட்களின் மகன்', முதுமைக் காலத்துப் பிள்ளை. ராஷியும் இதை இரண்டாவது பொருளாகக் குறித்துவைத்திருக்கிறார்.

சரித்திரக்காரர்கள் வேறு வழியில் வந்தார்கள். சிரியாவில் யூப்ரடீஸ் கரையில் மாரி என்ற பழம்பட்டணத்தை 1933 முதல் ஆந்திரே பாரோ என்ற பிரெஞ்சு அறிஞர் தோண்டினார். அங்கே கிடைத்த களிமண் பலகைகளில், கிறிஸ்துவுக்கு முன் பதினெட்டாம் நூற்றாண்டு வாக்கில், 'வலப்பக்கத்தார்', 'இடப்பக்கத்தார்' என்று இரண்டு மேய்ச்சல் கூட்டங்கள் பேசப்படுகின்றன. யமினாவின் மக்கள், சிம்ஆலின் மக்கள். தென்னவர், வடவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். பென்யமீன் கோத்திரம் இவர்களே என்று ஒரு காலத்தில் ஆரவாரமாக எழுதினார்கள். பெயர் ஒத்திருப்பதைத் தவிர வேறு பலமான கண்ணி இல்லை. ராகேல் வழி வந்த கோத்திரங்களில் பென்யமீனின் நிலம் எப்பிராயீமுக்குத் தெற்கே இருந்தது. அதுவே பெயருக்குப் போதுமான காரணம் என்று எடுத்துக்கொள்வது நிதானமான கட்சி.

இதில் ஒரு வேடிக்கை பாருங்கள். வலக்கையின் மக்கள் என்று பெயர் பெற்ற கோத்திரத்தார் இடக்கைக்காரர்களாகப் பேர்வாங்கினார்கள். நியாயாதிபதிகள் நூலில் வரும் ஏகூத் பென்யமீன் கோத்திரத்தான், இடக்கைப் பழக்கமுள்ளவன். அதனாலேயே கத்தியை வலத்தொடையில் மறைத்துக் கட்டி மோவாப் ராஜாவிடம் போக முடிந்தது. காவலர்கள் இடத்தொடையைத்தானே பார்ப்பார்கள்! அதே நூலின் 20ஆம் அதிகாரத்தில், மயிரிழை தப்பாமல் கவண் எறியக்கூடிய எழுநூறு இடக்கை வீரர்கள் இந்தக் கோத்திரத்தில் இருந்ததாகக் கணக்கு. முதல் ராஜா சவுல் இவர்களில் ஒருவன். பிற்காலத்தில் எஸ்தரைக் காத்த மொர்தெகாயும், கிறிஸ்தவத்தைப் பரப்பிய பவுலும் இதே கோத்திரம்.

தாய் வலியில் வைத்த பெயர் வேறு இரண்டு இடத்திலும் வருகிறது. மூன்றையும் சேர்த்து வைத்துப் பார்த்தால்தான் யாக்கோபு செய்தது விளங்கும். முதல் சாமுவேல் 4ஆம் அதிகாரத்தில், புருஷன் பினெகாஸ் போரில் செத்தான், மாமனார் ஏலியும் விழுந்து செத்தார், உடன்படிக்கைப் பெட்டியைப் பகைவர் கொண்டுபோய்விட்டார்கள் என்று கேட்டதும் ஒரு பெண்ணுக்குப் பிரசவமாகிறது. மகனுக்கு இக்கபோத் என்று பெயர் வைத்துவிட்டு இறந்துபோகிறாள். மகிமை எங்கே, மகிமை போயிற்று என்று பொருள். அந்தப் பெயரை மாற்ற வீட்டில் ஓர் ஆள் மிச்சமில்லை. அது அப்படியே நின்றுவிட்டது. இன்னொருவன் முதல் நாளாகமம் 4ஆம் அதிகாரத்து யாபேஸ். துக்கத்தோடு பெற்றேன் என்று தாய் வைத்த பெயர். துன்பத்தைக் குறிக்கும் சொல்லின் எழுத்துகளை முன்பின்னாக மாற்றியது போல் இருக்கும். இவனுக்குத் தகப்பன் மாற்றவில்லை. இவனே கடவுளிடம், தீங்கு என்னை வருத்தாதபடி காத்தருளும் என்று வேண்டிக்கொண்டான், கேட்டதும் கிடைத்தது. நம் திருநெல்வேலிச் சீமைக் கிறிஸ்தவர்களிடம் ஜாபேஸ் என்ற பெயர் நிறைய உண்டு. இக்கபோத் என்று நான் யாரையும் கண்டதில்லை.

பெனோனி என்று ஒருவனைக் கண்டேன். சில வருஷங்களுக்கு முன் என் கடைக்குக் கணக்கெழுத வந்த பையன், நெல்லைப் பக்கம், தாராவியில் சித்தப்பா வீட்டில் இருந்தான். அவன் பிறந்த அன்றே தாய் போய்விட்டாள். பாட்டி ஊர் உபதேசியாரைக் கேட்க, அவர் வேதத்தைத் திறந்து இந்தப் பெயரை எடுத்துக்கொடுத்திருக்கிறார். மும்பையில் எல்லாரும் பென்னி, பென்னி என்று கூப்பிட்டதால் அதுவரை ஒரு குறையும் இல்லை. கல்யாணப் பேச்சு வந்தபோதுதான் வினை. பெண் வீட்டில் ஒரு பெரியவர், துக்கத்தின் மகன் என்று பெயருள்ளவனுக்கா பெண் கொடுப்பது, ராசியில்லாத பெயர், கெஜட்டில் மாற்றிவிட்டு வரச்சொல்லுங்கள் என்று சொல்லிவிட்டார். பையன் பேரேட்டை மூடிவைத்துவிட்டு என் முன்னால் வந்து நின்றான்.

"ஐயா, எங்கம்மாவ நான்தான் கொன்னேன்னு சின்ன வயசுலயே ஊர்ல சொல்லுவாங்க. பேர்லயும் அதான் இருக்குன்னு இப்பத்தான் தெரியுது" என்றான்.

"தம்பி, பேரில் அது இல்லை. அவசரப்படாதே, பத்து நாள் பொறு" என்றேன்.

மேலே எழுதியிருக்கிறதில் பாதி அந்தப் பத்து நாளில் தேடியது. அப்போது எனக்குத் தட்டுப்பட்ட முக்கியமான விஷயம் இதுதான்: ராகேலின் சாவுக்கு அந்தக் குழந்தைமேல் வேதம் ஒரு சொல்கூடப் பழி வைக்கவில்லை. வைத்தால் யாக்கோபின் மேல்தான் வைக்கலாம். மாமனார் லாபானின் குலதெய்வச் சிலைகளைக் காணோம் என்று தேடல் வந்தபோது, அவற்றை எடுத்தவன் உயிரோடு இருக்கவேண்டாம் என்று அவன் வாய்விட்டான். எடுத்து ஒளித்தவள் ராகேல் என்று அவனுக்குத் தெரியாது. அந்தச் சொல்தான் வழியில் பலித்தது என்று ராஷி சொல்கிறார். அப்படிப் பார்த்தால், பெயரை மாற்றிய யாக்கோபின் மனசு இன்னும் தெளிவாகத் தெரிகிறது. தினம் இருபது தடவை அந்தப் பிள்ளையைக் கூப்பிடவேண்டியவன் அவன். கூப்பிடும்போதெல்லாம், உன்னால்தான் உன் அம்மா செத்தாள் என்று குழந்தை காதில் விழவேண்டுமா? பின்னாளில் பஞ்சத்தில் தானியம் வாங்க எல்லாப் பிள்ளைகளையும் எகிப்துக்கு அனுப்பியவன் இவனை மட்டும் அனுப்ப மறுத்தான். தகப்பனின் உயிர் இந்தப் பிள்ளையின் உயிரோடு கட்டுண்டிருக்கிறது என்று அண்ணன்மார்களே எகிப்தில் போய்ச் சொல்லுகிறார்கள்.

பெண் வீட்டுப் பெரியவரோடு தொலைபேசியில் நானே பேசினேன். வேதம் நன்றாகத் தெரிந்தவர். நான் 49ஆம் அதிகாரத்தைச் சொன்னதும் எடுத்துப் பார்த்துவிட்டுக் கூப்பிட்டார். "எங்க வேதத்த ஒரு ஜெயின்காரர் சொல்லிக்குடுக்க வேண்டியிருக்கு பாருங்க" என்று சிரித்தார். கல்யாணப் பத்திரிகையில் பெனோனி என்றே அச்சானது. மாற்றியிருந்தாலும் எனக்கு ஆட்சேபம் இல்லை. பாட்டி வைத்த பெயரை அவள் இருக்கும்போதே எடுப்பதில்தான் பையனுக்கு மனசில்லை.

சாவின் வாசலில் பிறந்த குழந்தைக்குப் பெயர் என்றால் என்னைப் போன்ற சமணனுக்குச் சிந்தாமணி நினைவுக்கு வராமல் இருக்காது. கட்டியங்காரன் சச்சந்தனைக் கொல்கிறான். நிறைசூலியான விசயை மயிற்பொறியில் தப்பி வந்து சுடுகாட்டில் இறங்குகிறாள், அங்கேயே மகனைப் பெறுகிறாள். இறந்த தன் குழந்தையைக் கொண்டுவந்த கந்துக்கடன் என்ற வணிகன் இந்தக் குழந்தையைக் கண்டு எடுக்கும்போது அது தும்முகிறது. 'சீவ' என்ற வாழ்த்து எழுகிறது. வாழ்க என்று பொருள். அதுவே சீவகன் என்ற பெயராயிற்று. அங்கே ராகேல் தன் நிலையைப் பெயராகச் சொன்னாள். இங்கே குழந்தைக்கு வேண்டியது பெயராக வந்தது. விசயை உயிரோடு இருந்தாள், ராகேலுக்கு அந்த அவகாசம் கிடைக்கவில்லை என்பதையும் மறக்கக்கூடாது.

நம் கிராமத்து வழக்கம் இரண்டும் கெட்டான். முன் பிறந்த குழந்தைகள் தங்காவிட்டால், அடுத்ததைக் குப்பையில் கிடத்தி எடுத்துக் குப்பன், குப்பம்மாள் என்பார்கள். பிச்சை எடுத்து வளர்த்துப் பிச்சை என்பார்கள். பெயர் கேவலமாக இருந்தால் எமன் திரும்பிப் பார்க்கமாட்டான் என்ற நம்பிக்கை. அது சாவை ஏமாற்ற வைத்த பெயர். பெனோனி ஏமாற்று அல்ல, நடந்ததை நடந்தபடி சொன்ன பெயர்.

யாக்கோபு மாற்றிய பிறகும் இந்தப் பெயர் செத்துப்போகவில்லை. வேதத்தை எழுதினவர்கள் பென்யமீன் என்று மட்டும் எழுதிவிட்டுப் போயிருக்கலாம். இரண்டையும் எழுதிவைத்ததால்தான் பிற்காலத்தார் எடுத்துக்கொள்ள முடிந்தது. பதினேழாம் நூற்றாண்டில் அமெரிக்காவின் நியூ இங்கிலாந்துப் பகுதியில் குடியேறிய பியூரிட்டன் கிறிஸ்தவர்கள், தாய் பிரசவத்தில் இறந்தாலும், குழந்தை பிறக்குமுன் தகப்பன் இறந்தாலும், பிள்ளைக்குப் பெனோனி என்று வைப்பது உண்டு. 1704இல் டியர்ஃபீல்டு என்ற ஊரைப் பிரெஞ்சுக்காரரும் அவர்களைச் சேர்ந்த செவ்விந்தியரும் தாக்கியபோது, தன் வீட்டை அடைத்துக்கொண்டு எதிர்த்துச் சண்டையிட்டு மாண்டவர் பெயர் பெனோனி ஸ்டெபின்ஸ். துக்கம் போய் வலிமை வந்து நின்ற இடம் என்று இதைச் சொல்லத் தோன்றுகிறது. நார்வே எழுத்தாளர் கனூட் ஹாம்சுன் 1908இல் எழுதிய ஒரு நாவலின் பெயரும் பெனோனிதான்.

சதுரங்கம் ஆடும் இளைஞர்கள் இந்தப் பெயரை நம்மைவிட நன்றாக அறிவார்கள். பெனோனி தடுப்பாட்டம் என்று ஒன்று உண்டு. 1825இல் பிராங்க்பர்ட்டில் ஆரோன் ரைங்கானும் என்ற யூதர் சதுரங்கத் தடுப்புமுறைகள் பற்றி ஒரு ஜெர்மன் நூல் வெளியிட்டார். அதற்குப் பென்-ஓனி என்று தலைப்பு வைத்தார். மனம் சோர்ந்தபோதெல்லாம் பலகையை எடுத்துவைத்து ஆராய்ந்து எழுதியது, ஆகவே தன் துக்கத்தின் பிள்ளை. நூலை மறந்துவிட்டார்கள், ஆட்டத்தின் பெயர் தங்கிவிட்டது. 1972இல் ரெய்க்யாவிக்கில் நடந்த உலகப் போட்டியில், முதலிரண்டு ஆட்டமும் கைவிட்டுப் போன நிலையில், மூன்றாவது ஆட்டத்தில் பாபி ஃபிஷர் ஸ்பாஸ்கிக்கு எதிராக எடுத்தது இந்தப் பெனோனியைத்தான். அவர் ஸ்பாஸ்கியை வாழ்நாளில் முதல் தடவையாக ஜெயித்த ஆட்டம் அது.

ஓர் எச்சரிக்கை. யூதர்களின் சமய நூல்களில் 'பேனோனி' என்றும் ஒரு சொல் உண்டு. அது வேறு எழுத்து, வேறு வேர். 'இடையில்' என்று பொருள்படும் பேன் என்பதிலிருந்து வந்தது. முற்றும் நல்லவனும் அல்ல, கெட்டவனும் அல்ல, நடுத்தரமானவன் என்பது அதன் கருத்து. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றுபோலத் தோன்றும், குழப்பிக்கொள்ளக்கூடாது.

கடைசியாக ஒரு ஊர்ப்பெயர். தென்னாப்பிரிக்காவில் ஜோகன்னஸ்பர்க்குக்குக் கிழக்கே பெனோனி என்றே ஒரு பட்டணம் இருக்கிறது. 1881இல் யோகான் ரிசிக் என்ற நில அளவை அதிகாரி பண்ணை நிலங்களை அளந்து பட்டா எழுதினார். எல்லாம் போக, கோணலும் மாணலுமாக ஒரு துண்டு மிஞ்சியது. அதைக் கணக்கில் ஏற்றப் பட்ட பாட்டில், என் துக்கத்தின் பிள்ளை என்று பெயர் எழுதிவைத்துவிட்டார். பிறகு அந்தத் துண்டைச் சுற்றித்தான் தங்கம் அகப்பட்டது. 1993இல் இறந்த விடுதலைத் தலைவர் ஆலிவர் தாம்போவை அந்த ஊரின் வாட்வில் பகுதியில் அடக்கம்செய்திருக்கிறார்கள். அங்கே ஆக்டன்வில் என்ற பகுதியில் நம் இந்தியக் குடும்பங்கள் நிறைய, தமிழ்க் குடும்பங்களும் உண்டு. ஆங்கில உச்சரிப்பில் அவர்கள் ஊர்ப்பெயரைப் 'பெனோனை' என்று சொல்கிறார்கள்.